வியாகுலத்துக்குக் கிடைத்த ஆங்கிலப் பட்டம்

29.04.2024 — ரூ. 150
06.05.2024 — ரூ. 52
06.05.2024 — ரூ. 4
09.05.2024 — ரூ. 30
11.08.2024 — ரூ. 40

ஆக மொத்தம் ரூ. 276. ஒரே ஒரு ஆங்கிலச் சொல்லுக்காக மூன்று வீட்டார் சேர்ந்து செய்த செலவு இது. முதல் வரி ஸ்டிக்கர். இரண்டாவது, நான் கம்பைநல்லூரிலிருந்து தருமபுரி போய்வந்த பஸ் சார்ஜ். மூன்றாவது ஜெராக்ஸ். நான்காவது, ஸ்டிக்கரைச் சுரண்டி எடுக்க வாங்கிய பெட்ரோல். கடைசி வரி கிரீம் பிஸ்கட். மன வருத்தம் இந்தக் கணக்கில் சேரவில்லை. அதற்கு யாரும் ரசீது தருவதில்லை.

சொல்லுக்கு உரியவர் வியாகுலம். மொரப்பூருக்கும் கம்பைநல்லூருக்கும் நடுவில் இருக்கும் குருசுமேட்டில், போர்வெல் மோட்டாருக்குக் காயில் கட்டும் தொழில் செய்கிறார். பிறந்த ஊர் மாரண்டஹள்ளி. கல்யாணமான புதிதில் மனைவி ராஜமேரியைக் கூட்டிக்கொண்டு வந்து ரோட்டோரம் ஒரு தகர ஷெட் போட்டவர், அப்படியே தங்கிவிட்டார். குருசுமேட்டில் அவருக்கு ரத்த சொந்தம் என்று ஒருவரும் கிடையாது. ஆனால் அந்த வட்டாரத்தில் யார் காட்டுப் போரில் எத்தனையாவது அடியில் மோட்டார் தொங்குகிறது என்பது அவருக்குத்தான் தெரியும். எங்கள் வீட்டு மோட்டாரும் அவர் கை பட்டதுதான். பழக்கம் அப்படி வந்தது. நான் மொரப்பூர் ஸ்டேஷனில் பார்சல் ஆபீஸ் பார்த்து ஓய்வு பெற்றவன். வந்த சரக்கு, போன சரக்கு எல்லாவற்றுக்கும் தேதி போட்டே கை பழகியதால், இதற்கும் தேதி போட்டு எழுதுகிறேன். நான் நேரில் பார்க்காததை ராஜமேரி சொன்னார். ராஜமேரி சொன்னதில் பாதியை அதே ஊர்த் தங்கம்மாள் மறுத்தார். இருவரும் ஒத்துக்கொண்டதை மட்டும் இங்கே சேர்த்திருக்கிறேன்.

வியாகுலத்துக்குத் தொழில் கையில், புகழ் மூக்கில். எரிந்துபோன மோட்டாரை மேலே இழுத்ததும் கழற்றாமலே மோந்து பார்த்து, "காயில் போச்சுங்க" என்றோ, "பேரிங் மட்டுந்தான், பயப்படாதீங்க" என்றோ சொல்லிவிடுவார். அதே மூக்கு விருந்து வீட்டிலும் வேலை செய்தது. குருசுமேட்டில் காதுகுத்தோ கல்யாணமோ, விடியுமுன் சமையல் கொட்டகையில் முதல் ஆளாக நிற்பவர் அவர். சமையல்காரர் அன்பு பாத்திரத்தின் மூடியைத் தூக்குவார். வியாகுலம் துண்டால் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு ஆவியில் முகத்தைக் காட்டுவார். நாக்கில் வைக்கவே மாட்டார்.

"உப்பு பத்தலடா அன்பு."

"வாசனையிலயே உப்பு தெரியுதாண்ணா உங்களுக்கு?"

"உப்பு தெரியாது. உப்பு போடாத உன் மூஞ்சி தெரியுது."

அதற்கு முந்திய வேலையும் ஒன்று உண்டு. கல்யாணப் பத்திரிகை அச்சாகி வந்ததும், வீட்டுப் பெரியவர்களைத் தன் மொபெட்டில் பின்னால் உட்காரவைத்து ஊர் ஊராகக் கொண்டுபோவது அவர்தான். மஞ்சள் பை கைப்பிடியில் தொங்கும். எந்த வீட்டில் நாய் கடிக்கும், எந்த வீட்டில் மருமகளிடம் கொடுத்தால் மாமியாருக்குக் கோபம் வரும் என்பதெல்லாம் அவருக்கு அத்துப்படி. விருந்தில் கடைசிப் பந்தியில்தான் உட்காருவார். மொய் எழுதாமல் கை கழுவியதில்லை. இவ்வளவையும் முன்கூட்டியே எழுதிவைப்பதற்குக் காரணம், பின்னால் வரப்போகும் அகராதியில் இவற்றில் ஒன்றுகூட இல்லை.

சொல் பிறந்த நாள் 2024 ஏப்ரல் 28, ஞாயிற்றுக்கிழமை. தங்கம்மாளின் மகள்வழிப் பேத்தி அனிஷாவுக்குப் புதுநன்மை, அதாவது முதன்முதலாக நற்கருணை வாங்கும் நாள். காலையில் கோயிலில் பூசை, மதியம் வீட்டில் பிரியாணி. தங்கம்மாளின் மகன் அமலன் ஓசூரில் ஒரு கல்லூரியில் ஆங்கிலம் சொல்லிக்கொடுப்பவன். கூட வேலை செய்யும் நண்பன் ஒருவனையும் அழைத்து வந்திருந்தான். இருவரும் கொட்டகைப் பக்கம் வந்தபோது, வியாகுலத்தின் தலை பாதி அண்டாவுக்குள் இருந்தது.

"அதோ பாரு, எங்க ஊரு ஸ்மெல்ஃபீஸ்ட்" என்றான் அமலன்.

நண்பனுக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறிவிட்டது. வியாகுலம் தலையை எடுத்தார்.

"என்னா அமலா, என்னையத்தான சொன்ன?"

"ஆமாங்க மாமா. இங்கிலீசுல ரொம்பப் பழய வார்த்தைங்க. இப்பல்லாம் யாரும் சொல்றதில்ல."

"நல்ல வார்த்ததான?"

"ஐந்நூறு வருசத்து வார்த்தைங்க மாமா!"

கேட்டது நல்லதா கெட்டதா என்று. கிடைத்தது அதன் வயது. வியாகுலம் அதைக் கவனிக்கவில்லை. ஐந்நூறு வருடம் என்றதும் அவர் மனம் நிறைந்துவிட்டது. டீத்தூள் அட்டையின் பின்பக்கம் அந்தச் சொல்லை எழுதித் தரச் சொல்லி வாங்கிப் பையில் வைத்துக்கொண்டார். மறுநாள் மொரப்பூர் ஸ்டிக்கர் கடைக்குப் போனார்.

"இது என்னாங்ணா, கம்பெனி பேருங்களா?" என்று கடைக்காரர் கேட்டிருக்கிறார்.

"பட்டம்."

"என்னா பட்டம்?"

"இங்கிலீசுப் பட்டம். காலேஜ் வாத்தியாரு குடுத்தது. எழுத்து பெருசாப் போடு."

மொபெட்டின் பின்பக்கம், நம்பர் பிளேட்டுக்கு மேலே, மஞ்சளில் சிவப்பு ஓரம் வைத்து அந்தச் சொல் ஏறியது. ஒரு வாரம் அது அரூர் தாலுகா முழுக்கச் சுற்றியது. பங்குச்சாமியார் ஒருநாள் வண்டிக்குப் பின்னால் வந்து படித்துவிட்டு, "ஃபீஸ்ட் என்றால் திருவிழா, நல்லதுதான்" என்று சொல்லிவிட்டுப் போனாராம். அதற்கப்புறம் வியாகுலத்துக்கு மிச்சமிருந்தது ஒரே குறை. யாராவது அர்த்தம் கேட்டால் திருவிழா என்ற பாதிதான் சொல்ல முடிந்தது. மீதிப் பாதிக்காக என்னிடம் வந்தார்.

"சார், இதுக்கு அர்த்தம் முழுசா வேணுங்க. பேப்பர்ல எழுதி, கையெழுத்துப் போட்டுக் குடுங்க."

என்னிடம் இருந்த அகராதியில் அந்தச் சொல் இல்லை. போனில் தட்டினால் வந்துவிடும் என்பார்கள். என் போனில் பட்டன்தான் இருக்கிறது. தவிரவும், அச்சில் பார்க்காத ஒன்றுக்குக் கையெழுத்துப் போட எனக்கு மனம் வராது. மே 6, திங்கள்கிழமை தருமபுரி நூலகத்துக்குப் போனேன். தலையணை கனத்தில் இருந்த ஒரு பழைய அகராதியை அலமாரியிலிருந்து இறக்க இரண்டு பேர் தேவைப்பட்டார்கள். அதில் இருந்தது.

இரண்டு சொற்கள் சேர்ந்த ஒரு சொல் அது. முதல் பாதி மோப்பம் பிடிப்பது, இரண்டாம் பாதி விருந்து. நமக்குத் தெரிந்த பிக்பாக்கெட் எப்படியோ அப்படி. பாக்கெட்டில் கைவைப்பவனுக்குப் பாக்கெட்டை வைத்தே பெயர் வந்ததைப் போல, விருந்தை மோப்பம் பிடிப்பவனுக்கு விருந்தை வைத்தே பெயர். சோளக்காட்டில் நிற்கும் ஸ்கேர்குரோவும் இந்த இனந்தான். அது காக்கையை மிரட்டுவதால் வந்த பெயர். இந்த முறையில் ஆங்கிலத்தில் முன்பு நிறையப் பேருக்குப் பெயர் வைத்திருக்கிறார்கள். பெரும்பாலும் திட்டுவதற்குத்தான் வைத்திருக்கிறார்கள் என்பது பக்கத்தைப் புரட்டப் புரட்டத் தெரிந்தது.

பொருள் ஒன்று: எங்கே நல்ல சாப்பாடு என்று கண்டுபிடித்து, அழைக்காமலே போய் உட்கார்ந்துகொள்பவர், பிறரை ஒட்டிப் பிழைப்பவர். பொருள் இரண்டு: வந்தவர்கள் வாசனையை மட்டுமே உண்டு போகவேண்டிய விருந்து. பக்கத்தில் ஒரு குறி. அந்தக் குறிக்கு விளக்கம் தேடி முன்னுரைக்குப் போனேன். வழக்கொழிந்தது என்று அர்த்தமாம். எடுத்துக்காட்டாக வாக்கியம் ஒன்றும் தரவில்லை. 2024 ஏப்ரல் 28 அன்று குருசுமேட்டில் அது நல்லபடியாக வழங்கப்பட்ட விவரம் அந்த அகராதிக்காரர்களுக்குத் தெரிந்திருக்க நியாயமில்லை.

ஜெராக்ஸ் எடுத்துக்கொண்டு வந்தேன். பஸ்ஸில் வரும்போது, இரண்டாவது பொருளை மட்டும் சொன்னால் என்ன என்று ஒரு யோசனை வந்தது. ஆனால் கேட்டவர் முழுசாகக் கேட்டிருந்தார். மே 9, வியாழக்கிழமை அவர் வந்தபோது தாளை முன்னால் வைத்தேன்.

"நீங்களே படிங்க சார். சத்தமா."

படித்தேன். தமிழிலும் சொன்னேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"கூப்புடாமன்னு போட்டிருக்குதுங்களா?"

"போட்டிருக்கு."

"நல்லாப் பாருங்க. சின்ன எழுத்தா இருக்குது."

"பாத்துட்டேன் வியாகுலம்."

"மொய் எழுதினாக்கூடவா?"

"மொய்யைப் பத்தி ஒண்ணும் சொல்லலை."

அவர் எழுந்து வாசலுக்குப் போய், தன் வண்டியின் பின்பக்கத்தைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றார். அன்று மாலையே பெட்ரோல் ஊற்றித் துணியால் தேய்த்து ஸ்டிக்கரை எடுத்துவிட்டார். மஞ்சள் போனது. சொல் மட்டும் நிழல் மாதிரி ஒட்டிக்கொண்டிருந்தது.

வீட்டுக்குப் போனதும் ராஜமேரியிடம் கேட்டிருக்கிறார்.

"இந்த ஊருல நமக்கு இதுவரைக்கும் எத்தன பத்திரிக வந்திருக்குது?"

"கரண்டு பில்லு வருது. கேஸ் ரசீது வருது. பத்திரிக எங்க வந்துச்சு?"

"வெளயாடாத. தேடிப் பாரு."

டிரங்குப் பெட்டியைக் கவிழ்த்தார்கள். மாரண்டஹள்ளிச் சொந்தக்காரர்களின் பத்திரிகைகள் ஒரு கட்டு இருந்தன. குருசுமேட்டிலிருந்து ஒன்றுகூட இல்லை. அவர் பை தூக்கிக் கொண்டுபோய்க் கொடுத்த பத்திரிகைகள் ஆயிரக்கணக்கில் இருக்கும். அவர் வீட்டு வாசலில் அந்தப் பை ஒருமுறைகூட நின்றதில்லை. வெற்றிலை பாக்குத் தட்டு நீட்டி "குடும்பத்தோட வந்துடுங்க" என்று ஒருவரும் சொன்னதில்லை. அகராதி சொன்னதில் எழுத்துக்கு எழுத்து உண்மை இருந்தது.

"இத்தன வருசமும் ஓசிச்சோறுன்னுதான் நெனச்சிட்டிருந்தாங்களா?" என்றார் வியாகுலம். "சாப்புடட்டும் பாவம்னு வுட்டுட்டாங்களா?"

கோபம் வந்தால் ராஜமேரிக்குக் கன்னடம் வரும். "சும்னே இரி" என்று அவர் வாயை அடக்கிவிட்டு, "தெரியாமத்தான் கேக்கறேன், அதுல என்னாங்க போட்டிருக்குது? நம்ம ஊரு ஆளா அத எழுதுனாங்க?" என்றார்.

ஆனால் வியாகுலம் முடிவு செய்துவிட்டார். கையில் பத்திரிகை வைத்து அழைக்காத வீட்டு விருந்தில் இனி கை நனைப்பதில்லை.

இந்தச் சபதத்தை அவர் யாரிடமும் சொல்லவில்லை. அதனால் வந்த குழப்பத்துக்கு ஒரு சான்று. மே 26, ஞாயிற்றுக்கிழமை அந்த ஊர்ச் சவுரியப்பனின் வீடு மந்திரிப்பு, சாமியார் வந்து ஜெபித்துத் தீர்த்தம் தெளிக்கும் புதுமனை விழா. புது வீட்டுக்குப் பின்னால் கறிக்குழம்பு கொதித்துக்கொண்டிருந்தது. எனக்கு அழைப்பு இருந்ததால் நான் போயிருந்தேன். வியாகுலம் ரோட்டுக்கு எதிர்ப்பக்கம், மொபெட்டை ஸ்டாண்டு போட்டு அதன்மேல் உட்கார்ந்திருந்தார். காற்று எங்கள் பக்கத்திலிருந்து அவர் பக்கம் அடித்தது.

நான் கிட்டே போனேன்.

"பட்டை கொஞ்சம் தூக்கல் சார்" என்றார். "அன்புகிட்டச் சொல்லாதீங்க. நான் வரலன்னு இருக்கட்டும்."

அந்த நேரத்தில் அகராதியின் இரண்டாவது பொருளும் குருசுமேட்டில் வழக்குக்கு வந்துவிட்டது. அதை நான் அவரிடம் சொல்லவில்லை.

சவுரியப்பன் வாசலில் நின்று பார்த்துவிட்டு, "ஏன்டா வியாகுலண்ணன் அங்கயே குந்திட்டிருக்குது? வண்டி நின்னுபோச்சா?" என்று சத்தம் போட்டார். உடனே ஒருவர் ஸ்பேனரோடு ஓடி வந்தார். இன்னொருவர் பிளக்கைக் கழற்றி ஊதினார். அழைப்பதற்காகக் காத்திருக்கிறார் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை. வண்டி ரிப்பேராகாமல் ஒரு மனிதன் விருந்து வீட்டுக்கு எதிரில் உட்கார்ந்திருக்க முடியும் என்பது அவர்கள் அறிவுக்கே எட்டவில்லை. நன்றாக ஓடிக்கொண்டிருந்த வண்டி அன்றைக்கு அரைமணி நேரம் ரிப்பேர் செய்யப்பட்டு, ஓடாமல் நின்றது. வியாகுலம் தள்ளிக்கொண்டு வீட்டுக்குப் போனார்.

ஜூலை கடைசியில் அமலனின் கல்யாணப் பத்திரிகை அச்சாகி வந்தது. பெண் அரூர், பெயர் சுசித்ரா. கல்யாணம் செப்டம்பர் 4, புதன்கிழமை. தங்கம்மாள் பையைத் துவைத்து உலர்த்தி, காலையில் தலைசீவி உட்கார்ந்திருந்தார். வியாகுலம் வரவில்லை. மறுநாளும் வரவில்லை. மூன்றாம் நாள் அமலனை அனுப்பினார்.

"மாமா, அம்மா காத்துட்டிருக்குதுங்க. வண்டி இல்லீங்களா?"

"வண்டி இருக்குது. பத்திரிகதான் இல்ல."

"பத்திரிக அம்மாகிட்ட இருக்குதுங்க மாமா."

"எனக்கு வெக்க வேண்டிய பத்திரிகயச் சொல்றேன் அமலா. கூப்புடாத வூட்டுக்குப் போறவனுக்கு இங்கிலீசுல பேரு இருக்குது. நீதான குடுத்த?"

அமலன் முதலில் சிரித்தான். பிறகு ஷெட்டின் மூலையில் ஆணியில் குத்தித் தொங்கிய ஜெராக்ஸைப் பார்த்தான். எடுத்துப் படித்தான். அவனுக்குப் புதிதாக அதில் ஒன்றுமில்லை. ஆனால் மோட்டார்களுக்கு நடுவில் அதைப் படிக்கும்போது வேறு மாதிரி இருந்தது என்று பிறகு என்னிடம் சொன்னான்.

"வெளயாட்டுக்குச் சொன்னேங்க மாமா. மன்னிச்சுக்கங்க."

"நீ வெளயாட்டுக்குச் சொன்ன, சரி. புஸ்தகத்துல வெளயாட்டுக்கா போட்டிருக்கான்? ஒரு பத்திரிக வையி. நான் யாருன்னு தெரிஞ்சிக்கறேன்."

அமலன் வீட்டுக்கு வந்து சொன்னதும் தங்கம்மாள் தலையில் அடித்துக்கொண்டார்.

"எங்கூட்டு ஆளுக்கு நான் பத்திரிக வெக்கறதா? பை தூக்கற கைக்கே பத்திரிக வெச்சா என்னாடா அர்த்தம்? வேத்தாளுன்னு எழுதிக் குடுக்கற மாதிரி. நாளைக்கு நான் செத்தாலும் ஆள் வுட்டுச் சொன்னாத்தான் அந்த அண்ணன் வருவாரா?"

குருசுமேட்டு வழக்கம் அதுதான். பத்திரிகை வைப்பது வெளியாளுக்கு. அண்ணன் தம்பிக்கு வைப்பதில்லை. அடுப்பு மூட்டுகிறவருக்கு வைப்பதில்லை. கூட அலைகிறவருக்கு வைப்பதில்லை. வைத்தால் அவமானப்படுத்தியதாகும். வெளியூரிலிருந்து வந்து குடியேறிய ஒருவருக்கு இந்த வழக்கத்தை யாரும் எடுத்துச் சொல்லவில்லை. அவரையும் உள்ளூர் என்று நினைத்துவிட்டதால் சொல்லத் தோன்றவில்லை. அதனால் அகராதியில் உள்ள ஆளும், ஊரிலேயே நெருங்கிய ஆளும் வெளியிலிருந்து பார்க்க ஒரே மாதிரி இருந்தார்கள். இருவர் கையிலும் பத்திரிகை இருக்காது.

தங்கம்மாள் மறுத்தும் அமலன் கேட்கவில்லை. தன்னால் வந்தது தன்னாலே தீரட்டும் என்று, ஆகஸ்டு 4 ஞாயிற்றுக்கிழமை தட்டில் வெற்றிலை, பாக்கு, வாழைப்பழம் வைத்து, 'திரு. வியாகுலம் குடும்பத்தினர்' என்று உறைமேல் அழகாக எழுதிக் கொண்டுபோய்க் கொடுத்தான். வியாகுலம் சட்டை போட்டுக்கொண்டு வந்து இரண்டு கையாலும் வாங்கினார். டிவி மேல் சாய்த்து வைத்தார். மோட்டார் கொண்டுவந்தவர்களுக்கெல்லாம் காட்டினார். என் வீட்டுக்கும் கொண்டுவந்தார்.

"பாருங்க சார், என் பேரு. இனி அந்த வார்த்த எனக்குப் பொருந்தாதுங்களே?"

"பொருந்தாது" என்றேன். அகராதிப்படி அது சரியான பதில்.

அடுத்த ஞாயிறு, ஆகஸ்டு 11, அவர் தலை நிமிர்ந்து தங்கம்மாள் வீட்டுக்குப் போனார். வழக்கம்போலப் பின்பக்கமாக நுழைந்து அடுப்படிக்குப் போகத் திரும்பினார். தங்கம்மாள் எதிரில் வந்து நின்றார்.

"வாங்க, வாங்க. முன்னால வாங்க. உக்காருங்க."

முன்னறையில் பிளாஸ்டிக் நாற்காலி துடைத்துப் போடப்பட்டது. ஃபேன் போடப்பட்டது. கண்ணாடி டம்ளரில் காபி வந்தது, அடியில் சாசர். பக்கத்தில் தட்டில் கிரீம் பிஸ்கட். அந்த வீட்டில் வியாகுலம் காபி குடிப்பது எப்போதும் உடைந்த காதுள்ள ஒரு பச்சைக் கப்பில். அதுவும் அவரே பாத்திரத்திலிருந்து ஊற்றிக்கொள்வார்.

"கூச்சப்படாம எடுத்துக்கங்க" என்றார் தங்கம்மாள்.

"எதுக்கு தங்கம்மா இதெல்லாம்?"

"வூட்டுக்கு வந்தவங்களுக்குக் குடுக்கறதுதானுங்களே."

"கையக் கழுவிட்டு வந்துடறேன்." எழுந்தார்.

"அங்கல்லாம் நீங்க எதுக்குங்க? அனிஷா! மாமாவுக்கு இங்கயே தண்ணி கொண்டா."

உட்கார்ந்தார். கொஞ்ச நேரம் ஃபேனைப் பார்த்தார்.

"அன்புக்கு அட்வான்ஸ் குடுத்தாச்சா?"

"அதெல்லாம் நாங்க பாத்துக்கறோம்ங்க."

"பத்திரிக குடுக்க யாரு போறாங்க?"

"வாடக காரு புடிச்சிருக்குது. டிரைவருக்கு ஒரு வூடும் தெரியல. ரெண்டு வூட்டுல மாத்திக் குடுத்துட்டு வந்துட்டான். அதுக்கென்ன, நீங்க கவலைப்படாதீங்க. பத்திரிகயில டைம் போட்டிருக்குது பாருங்க, அதுக்கு வந்தாப் போதும். குடும்பத்தோட வந்துடுங்க."

வியாகுலம் ஒரு பிஸ்கட்டை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டிருந்துவிட்டு மறுபடி தட்டில் வைத்தார். தங்கம்மாள் வாசல்வரை வந்து கைகூப்பி வழியனுப்பினார். கைகூப்பியதைத்தான் தாங்க முடியவில்லை என்று பிறகு ராஜமேரியிடம் சொல்லியிருக்கிறார். அன்று அவர் கட்டிய காயிலைப் பிரித்து மறுபடி கட்டவேண்டி வந்தது.

"நாற்காலி போட்டாங்களாமே?" என்று ராஜமேரி சீண்டினார். "பெரிய மனுசர்தான்."

"நீ சும்னே இரு." அன்றைக்குக் கன்னடம் அவர் வாயில் வந்தது.

மறுநாள் காலையில் பத்திரிகையை எடுத்துக்கொண்டு மறுபடி போனார். இம்முறை வாசலிலேயே நின்றார்.

"தங்கம்மா, இது எனக்கு வேணாம்."

"ஏனுங்க, பேரு தப்பாப் போட்டிருக்குதுங்களா?"

"வெறுப்பேத்தாதம்மா. எனக்கு நாற்காலி வேணாம். உங்கூட்டு வழக்கம் எனக்குத் தெரியல. தெரியாமக் கேட்டுட்டேன். திருப்பி வாங்கிக்க."

தங்கம்மாளுக்குக் கண்ணில் நீர் முட்டியது. ஆனாலும் கையை நீட்டவில்லை.

"குடுத்த பத்திரிகயத் திருப்பி வாங்கக் கூடாதுண்ணா. கல்யாணத்துக்கு ஆவாது."

'ங்க' போய் 'அண்ணா' வந்துவிட்டதை இருவரும் கவனித்தார்கள். ஆனால் சிக்கல் அப்படியே இருந்தது. வைத்த பத்திரிகையை வாங்க முடியாது. அது கையில் இருக்கும்வரை இவர் விருந்தாளி. வாசலில் நின்று இரண்டு பேரும் யோசித்தார்கள். வழி வியாகுலத்துக்குத்தான் தோன்றியது.

"கம்பைநல்லூரு சாருக்கு வெச்சாச்சா?"

"அய்யய்யோ! மறந்தே போச்சுண்ணா!"

"அப்ப இத அவருக்கு வெச்சிடலாம். உன் கைக்குத் திரும்பி வந்தாத்தான தப்பு? நானே நேரா அங்க கொண்டுபோயிடறேன். நீ தட்டு எடுத்துக்கிட்டுப் பின்னால ஏறு."

அப்படித்தான் ஆகஸ்டு 12, திங்கள்கிழமை எனக்குப் பத்திரிகை வந்தது. உறைமேல் 'வியாகுலம்' என்று இருந்ததை ஒரு கோடு போட்டு அடித்து, மேலே என் பெயரை எழுதியிருந்தார்கள். பேனா என்னுடையது, என் வாசலில் வைத்தே எழுதினார்கள். தங்கம்மாள் தட்டை நீட்டி, "குடும்பத்தோட வந்துடுங்க சார்" என்றார். நான் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டு, உட்காரச் சொன்னேன். அவருக்கு சாசர் வைத்துக் காபி கொடுத்தோம். வியாகுலத்தைத் தேடினால், அவர் எங்கள் அடுப்படிக்குள் நின்று தனக்கு ஊற்றிக்கொண்டிருந்தார்.

அன்று மாலையிலிருந்து மஞ்சள் பை மறுபடியும் மொபெட் கைப்பிடியில் தொங்கியது. டிரைவர் மாற்றிக் கொடுத்த இரண்டு வீட்டுக்கும் போய்ச் சமாதானம் சொல்லி, நாய் இருக்கும் வீட்டுக்கு ஹாரன் அடித்து, பாக்கி அத்தனையும் கொடுத்து முடித்தார்கள்.

செப்டம்பர் 4 அன்று நான் பத்திரிகையில் போட்டிருந்த நேரத்துக்குப் போய், எனக்குரிய நாற்காலியில் உட்கார்ந்தேன். வியாகுலத்தை மண்டபத்தில் காணோம். பின்பக்கம் எட்டிப் பார்த்தேன். லுங்கியும் துண்டுமாக ஆவிக்கு நடுவில் நின்றிருந்தார். அமலன் மாப்பிள்ளைக் கோட்டோடு அங்கே வந்து, ஓசூரிலிருந்து வந்த நண்பர்களுக்கு அவரைக் காட்டினான். புரையேறிய அந்த நண்பனும் இருந்தான்.

"எங்க மாமாங்க" என்றான் அமலன். அவ்வளவுதான் சொன்னான்.

"ஏன்டா, பட்டத்தச் சொல்றதுதான?" என்றார் வியாகுலம். "ஐந்நூறு வருசத்து வார்த்த. வெக்கப்படாத."

ராஜமேரிக்கு மட்டும் ஒரு மனக்குறை மிச்சம். "இந்த ஊருல எங்களுக்கு வந்தது ஒரே பத்திரிக சார். அதையும் தூக்கி உங்களுக்குக் குடுத்துட்டாரு" என்று என்னைப் பார்க்கும்போதெல்லாம் சொல்கிறார். நான் அந்த உறையைத் திருப்பித் தர முன்வந்தேன். வேண்டாம் என்று அவசரமாகத் தலையாட்டினார்.

சொல்லின் பிந்திய வரலாற்றையும் பதிவு செய்துவிடுகிறேன். அகராதியில் பெயர்ச்சொல்லாக வழக்கொழிந்து கிடந்தது, குருசுமேட்டில் வினையாக உயிர் பெற்றுவிட்டது. அன்புதான் ஆரம்பித்து வைத்தார். "அண்ணா, பிரியாணியக் கொஞ்சம் ஸ்மெல்ஃபீஸ்டு பண்ணிட்டுப் போங்க" என்பார். மோந்து பார்த்து நல்லது கெட்டது சொல்வது என்று பொருள். டீக்கடையில் பாலுக்கும் சொல்கிறார்கள். சவுரியப்பன் தன் போர் மோட்டார் நின்றபோது, "வந்து ஒருவாட்டி ஸ்மெல்ஃபீஸ்டு பண்ணிச் சொல்லுண்ணா, காயிலா பேரிங்கான்னு" என்று போன் செய்தார். அழைப்பு, அழைப்பின்மை என்ற பேச்சே அந்தப் பொருளில் இல்லை. விருந்துக்கு வருகிறவர்களைப் பட்டியல் போட்டுவிட்டு உலை வைக்கும் ஊரில் முதல் பொருள் பிறந்திருக்கும். இங்கே உலை வைத்த பிறகுதான் யாரை விட்டோம் என்று யோசிக்கிறார்கள்.

அமலனுக்கும் சுசித்ராவுக்கும் சென்ற ஆண்டு ஒரு பெண் குழந்தை பிறந்தது. ஞானஸ்நான விருந்தைக் குருசுமேட்டில் 2025 அக்டோபர் 12, ஞாயிற்றுக்கிழமை வைத்தார்கள். வெளியாட்களுக்கெல்லாம் அமலன் ஓசூரிலிருந்து வாட்ஸப்பில் அழைப்பு அனுப்பினான். பட்டன் போன் வைத்திருக்கும் எனக்கு மட்டும் தபாலில் கடிதம். என் பெயர் அடித்தல் திருத்தல் இல்லாமல் இருந்தது. அதைக் கொண்டுபோய் வியாகுலத்திடம் காட்டினேன். அவர் காயில் கட்டுவதை நிறுத்தாமல், "உங்களுக்கு வந்துடுச்சுங்களா? நல்லது. எனக்கு வல்ல சார்" என்றார். சொல்லும்போது சிரிப்பை அடக்கப் பார்த்து முடியாமல் போனது. விருந்துக்கான அரிசி மூட்டையை, நான் போனதற்கு முதல் நாளே தங்கம்மாள் வீட்டில் இறக்கிவிட்டு வந்திருந்தார்.

எனக்கு அந்தக் கடிதம் வந்து சேர்ந்த தேதி: 2025 அக்டோபர் 6, திங்கள்கிழமை.